ஆட்டீமியா வளர்க்க மூன்று வழிகள்: யாழ்ப்பாணத்து வீட்டுக்கு எது தோது?

"பிள்ளை உப்புத்தண்ணி இறால் வளர்க்கக் கேட்கிறான். பெட்டியாக வாங்குவதா, முட்டை வாங்கிப் பொரிக்கவைப்பதா?" பள்ளி விடுமுறை நெருங்கினால் இந்தக் கேள்வி கட்டாயம் வரும். கூடவே இன்னொன்றும் வரும்: "கடல் பக்கத்தில்தானே கிடக்கிறது, உப்பை ஏன் கரைப்பான்? கடல் தண்ணியையே அள்ளி வந்தால் என்ன?"

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆட்டீமியா என்பது இந்த உப்புத்தண்ணி இறால்தான். ஆயத்தப் பெட்டி, முட்டையும் உப்பும், முட்டையும் கடல்நீரும் என்ற மூன்று வழியிலும் முட்டை பொரிக்கும். அது ஒரு நாள் வேலை. சிரமம் அதற்குப் பிறகு வரும் இரண்டு மூன்று கிழமையில்தான். புள்ளியாக மட்டும் தெரியும் குஞ்சு விரல் நகத்தின் நீளத்துக்கு வளர்ந்து, சோடி சேர்ந்து, தானும் குஞ்சு விடவேண்டும். அதுவரை எந்த வழி உங்கள் வீட்டில் தாக்குப்பிடிக்கும் என்று பார்த்துத் தேர்ந்தெடுங்கள். சுலபமாகப் பொரிப்பதை மட்டும் பார்த்துத் தேர்ந்தெடுத்தவர்கள்தான் ஐந்தாம் நாள் வெறும் போத்தலோடு நிற்கிறார்கள்.

## வளர்க்கப்போகும் உயிர்

இறால் என்று சொன்னாலும் நாம் கறிக்கு வாங்கும் இறாலுக்கு ஆட்டீமியா தூரத்துச் சொந்தம்தான். உடலில் கடினமான ஓடு கிடையாது. பதினொரு சோடி இலை போன்ற கால்கள் உண்டு. நீந்துவது, மூச்சு விடுவது, தண்ணீரில் மிதக்கும் தூசி போன்ற உணவை வடித்து வாய்க்குக் கொண்டுபோவது எல்லாம் அந்தக் கால்களால்தான். நீந்துவதும் மல்லாக்காக, வயிற்றை வெளிச்சத்தின் பக்கம் திருப்பியபடி. போத்தலுக்கு அடியில் டோர்ச் அடித்தால் அப்படியே புரண்டு நீந்தும். பிள்ளைகளுக்குக் காட்ட இதைவிட நல்ல விஷயம் கிடையாது. குஞ்சாக இருக்கும்போது நடுவில் ஒரு கண் இருக்கும். வளரும்போது இரண்டு பக்கமும் காம்பில் நிற்கும் இரண்டு கண்கள் கூடுதலாக வரும்.

வளர்ந்தது ஏறக்குறைய ஒரு சென்ரிமீற்றர். நல்ல பராமரிப்பில் சில மாதங்கள் வாழும். தண்ணீரும் உணவும் சரியாக இருந்தால் பெண் நேரடியாகக் குஞ்சு விடும். உப்பு ஏறினாலோ ஒட்சிசன் குறைந்தாலோ தடித்த கோதுள்ள முட்டைகளை இடும். அந்த முட்டை காய்ந்து, உயிரின் வேலையெல்லாம் நின்றுபோய், ஆண்டுக்கணக்கில் கிடக்கக் கூடியது. கடையில் பழுப்புத் தூளாக விற்பது இதைத்தான். ஒரு கிராமில் ஏறக்குறைய இரண்டு மூன்று இலட்சம் முட்டைகள் இருக்கும்.

இன்னொன்றையும் மனதில் வைக்கவேண்டும். மீன் வாழமுடியாத உப்பேரிகளும் உப்பளங்களும்தான் இதன் வீடு. கடிக்கவோ ஒளியவோ இதற்குத் தெரியாது. உப்புதான் இதன் ஒரே காவல். ஆகவே உப்பு கொஞ்சம் கூடினால் பெரிதாக ஒன்றும் நடக்காது. சூடும் அழுக்கும்தான் கொல்லும்.

## எதை வைத்து அளப்பது

முதலாவது, சூடு. 25 முதல் 30 பாகை செல்சியஸ் வரை இவற்றுக்கு இதம். மாசி மாதம்வரை எங்கள் ஊரில் கவலை இல்லை. சித்திரை, வைகாசியில் யன்னலோரம் வைத்த சிறிய போத்தலின் தண்ணீர் 35ஐத் தாண்டிவிடும். பாத்திரம் எவ்வளவு சிறிதோ அவ்வளவு விரைவாகச் சுடும்.

இரண்டாவது, காற்று. சூடான தண்ணீரில் ஒட்சிசன் குறைவு, உப்புத் தண்ணீரில் இன்னும் குறைவு. கரண்ட் போனால் நிற்கும் காற்றுப் பம்பியை நம்பி வளர்ப்பதா, வாய் அகன்ற பாத்திரத்தில் தண்ணீரைக் குறைவாக விட்டு வளர்ப்பதா என்பதை முதலே முடிவு செய்யவேண்டும்.

மூன்றாவது, யார் பார்ப்பது. ஏழு வயதுப் பிள்ளை தினமும் உணவு போட ஆசைப்படும், அந்த ஆசைதான் ஆபத்து. பத்துப் பன்னிரண்டு வயதுக்கு மேல் என்றால் அளந்து போடப் பழகும்.

காசை நான் கடைசியில்தான் வைப்பேன். மூன்று வழியிலும் தொடக்கச் செலவு பெரிதில்லை. பின்னால் ஒளிந்திருக்கும் செலவுகள் வேறு வேறு, அவற்றை அந்தந்த இடத்தில் சொல்கிறேன்.

## முதல் வழி: ஆயத்தப் பெட்டி

சீ மங்கி என்ற பெயரில் வரும் பெட்டிகள். அமெரிக்காவில் ஹரல்ட் வொன் பிரவுன்ஹட் என்பவர் 1957இல் உருவாக்கி, பின்பு "உடனடி உயிர்" என்று விற்கத் தொடங்கி, 1960களின் தொடக்கத்தில் பெயரை மாற்றினார். உள்ளே இருப்பது ஆட்டீமியாவின் ஒரு வளர்ப்பினம்தான். இங்கே பெரும்பாலும் கனடாவில் இருந்தோ லண்டனில் இருந்தோ வரும் சொந்தக்காரரின் பையில்தான் வந்து சேரும். இணையத்தில் வரவழைப்பவர்களும் உண்டு.

நல்ல பக்கம்: எல்லாம் அளந்து வைத்திருக்கிறார்கள். முதல் பைக்கற்றைப் போட்டு ஒரு நாள் விட்டு இரண்டாவதைப் போட்டவுடன் உயிர்கள் நீந்தும். இரண்டாவது பைக்கற்றில் இருந்து உடனே பிறந்ததாகப் பிள்ளை நினைக்கும். உண்மையில் "தண்ணீர் சுத்தமாக்கி" என்று போட்ட முதல் பைக்கற்றிலேயே உப்போடு முட்டையும் இருக்கிறது, முந்தைய நாளே அவை பொரித்துவிட்டன. இதைப் பிள்ளைக்குச் சொல்லிவிடுவதுதான் நல்லது. உண்மையும் அதே அளவு சுவையானதுதான்.

கெட்ட பக்கம், தொட்டி மிகச் சிறியது. ஒரு பெரிய கோப்பை அளவு தண்ணீர்தான் கொள்ளும். எங்கள் வெயிலுக்கு அது போதாது. நான் சொல்வது: பெட்டியில் பொரிக்கவையுங்கள், ஒரு கிழமை கழித்துப் பெரிய போத்தலுக்கு மாற்றுங்கள். பெட்டியில் போத்தல் தண்ணீர் பாவிக்கச் சொல்லியிருந்தால் அப்படியே செய்யுங்கள். அந்தப் பைக்கற்றை அந்தத் தண்ணீருக்குத்தான் அளந்திருக்கிறார்கள், எங்கள் கிணற்றுத் தண்ணீர் வேறு மாதிரி.

ஒளிந்திருக்கும் செலவு உணவுப் பைக்கற். அது முடிந்தால் இங்கே கடையில் கிடைக்காது. ஆனால் ஸ்பைருலினா என்ற பாசிப் பொடி அதே வேலையைச் செய்யும். இன்னொரு செலவு மனதுக்கானது. பெட்டியில் முடியும் முகமும் வைத்துச் சிரிக்கும் குடும்பத்தைக் கீறியிருப்பார்கள். உள்ளே வருவது நூல் துண்டு போன்ற உயிர். பெட்டியைக் கொடுக்க முன்னரே உண்மைப் படத்தைக் காட்டிவிடுங்கள்.

## இரண்டாம் வழி: முட்டையும் வீட்டு உப்புத் தண்ணீரும்

வளர்ப்பு மீன் விற்கும் கடைகளில் குஞ்சு மீன் உணவுக்காக ஆட்டீமியா முட்டை வைத்திருப்பார்கள். தகரப்பேணியாகவும் வரும், சிறு பைகளில் பிரித்துக் கட்டியும் தருவார்கள். செல்லமாக வளர்க்கப் பேணி தேவையே இல்லை, சிறு பை தாராளம். வாங்கும்போது ஒன்றைக் கேட்டு உறுதிப்படுத்துங்கள்: ஓடு நீக்கி உலர்த்திய முட்டையும் இதே போன்ற பையில் விற்கும். அது மீனுக்கு நேரடி உணவு, பொரிக்காது. "பொரிக்கிற முட்டையா?" என்று கேட்டு வாங்கினால் ஒரு கிழமை ஏமாற்றம் தவிரும்.

திறந்த பையை ஈரம் பிடித்தால் பொரிக்கும் விகிதம் மளமளவென்று விழும். எங்கள் ஊர்க் காற்றில் இது முக்கியம். மூடி இறுகும் சிறு போத்தலில் போட்டுக் குளிர்சாதனப் பெட்டியில் வைக்கவேண்டும். மாரியில் பையை மேசையில் விட்டால் தையில் அந்த முட்டையை நம்பமுடியாது. இந்த வழியின் உண்மையான ஒளிந்த செலவு இதுதான்.

தண்ணீர். லீற்றருக்கு 35 கிராம் உப்பு கடல் அளவுக்கு வரும். தராசு இல்லாவிட்டால் தட்டையாக வழித்த இரண்டு மேசைக்கரண்டி தூள் உப்பு கிட்டத்தட்டச் சரி. கல்லுப்பு என்றால் கரண்டிக் கணக்குப் பிழைக்கும், நிறுத்துப் போடுங்கள். அயடின் சேர்த்த உப்பால் பயம் இல்லை, அதன் அளவு அற்பம்.

வேறு ஊர்க் குறிப்புகளில் அப்பச்சோடா போடச் சொல்லியிருப்பார்கள். தண்ணீர் சற்றுக் காரமாக, பிஎச் எட்டுக்கு மேல் இருந்தால் நன்றாகப் பொரிக்கும் என்பதுதான் காரணம். இந்த இடத்தில் எங்கள் நிலம் கைகொடுக்கிறது. யாழ்ப்பாணம் சுண்ணக்கல்லின் மேல் இருக்கிறது. கேத்திலின் அடியில் வெள்ளையாகப் படிகிறதே, அதே சுண்ணாம்புதான் கிணற்றுத் தண்ணீரை இந்தப் பக்கம் தள்ளிவைக்கிறது. வலிகாமத்துக் கிணற்றுத் தண்ணீரில் சோடா இல்லாமலே வேலை நடக்கும். மழைத் தண்ணீரில் கரைப்பவர்கள் மட்டும் லீற்றருக்குக் கால் தேக்கரண்டி போடுங்கள். குழாய்த் தண்ணீர் என்றால் குளோரின் போக ஒரு நாள் திறந்து வையுங்கள்.

அப்புறம் முட்டையின் அளவு. இங்கேதான் எல்லோரும் கூட்டிப் போடுகிறார்கள். ஈர்க்கின் நுனியை நனைத்து முட்டையில் தொட்டால் ஒட்டிக்கொள்வது போதும். அதிலேயே நூற்றுக்கணக்கில் இருக்கும். இரண்டு லீற்றர்ப் பாத்திரத்தில் ஐம்பது பெரிதானால் அதுவே நிறைவான கூட்டம். வெளிச்சத்தில் வையுங்கள், நேர் வெயிலில் வேண்டாம். ஒரு நாளில், பிந்தினால் ஒன்றரை நாளில், செம்மஞ்சள் புள்ளிகள் துடிக்கத் தொடங்கும். ஒரு பக்கத்தில் டோர்ச் அடித்தால் குஞ்சுகள் வெளிச்சத்துக்கு வந்து குவியும், வெறும் கோது மேலே மிதக்கும். காற்றுக்குழாயால் குஞ்சுகளை உறிஞ்சிப் புதுத் தண்ணீருக்கு மாற்றிவிடுங்கள். கோது அதே தண்ணீரில் கிடந்து அழுகுவதுதான் மூன்றாம் நாள் நாற்றத்துக்குக் காரணம்.

பிறந்தவுடன் உணவு வேண்டாம். உடலிலுள்ள மஞ்சட்கருவில்தான் முதற்பொழுது போகும், முதல் தோல் கழற்றிய பிறகுதான் தின்னத் தொடங்கும். அடுத்த நாளில் இருந்து ஸ்பைருலினாவை ஒரு கோப்பைத் தண்ணீரில் கரைத்து, அடியில் தங்கிய மண்டியை விட்டு மேலே உள்ளதில் சில துளி. ஈஸ்டும் போடலாம், ஆனால் கூடினால் மிக விரைவாகத் தண்ணீரைக் கெடுக்கும். அளவு தெரிய ஒரு வழி: போத்தலுக்குப் பின்னால் பேப்பரை வைத்துப் பாருங்கள். எழுத்துத் தெளிவாகத் தெரியாவிட்டால் முன்பு போட்டதே இன்னும் முடியவில்லை, இன்று ஒன்றும் போடவேண்டாம். பட்டினியால் செத்த ஆட்டீமியாவைவிட அளவுக்கு மிஞ்சிய உணவால் செத்தது மிக அதிகம். பிள்ளைக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டிய முதல் பாடமும் இதுதான்.

தண்ணீர் வற்றும், உப்பு வற்றாது. போத்தலில் ஒரு கோடு போட்டு, குறைந்த அளவுக்கு நல்ல தண்ணீரை மட்டும் ஊற்றவேண்டும். அதற்கு மழைத் தண்ணீர் சிறந்தது. கிணற்றுத் தண்ணீரையே மாதக்கணக்கில் ஊற்றினால் சுண்ணாம்பு சேர்ந்துகொண்டே போகும்.

உடல் திடீரென்று சிவப்பேறினால் ஒட்சிசன் குறைந்துவிட்டது என்று அர்த்தம். நம் இரத்தத்தில் இருக்கும் ஈமோகுளோபின் அவற்றிலும் உண்டு, மூச்சுக்குத் தட்டுப்பாடு வந்தால் அதைக் கூட்டிக்கொள்ளும். உடனே பாதித் தண்ணீரை மாற்றி, வாய் அகன்ற பாத்திரத்துக்குக் கொண்டுபோங்கள்.

இந்த வழியின் குறை ஒன்று உண்டு. உப்பு விளையும்போது கடலின் மக்னீசியத்தில் பெரும்பகுதி கழிவுநீரோடு போய்விடுகிறது. வெறும் சமையல் உப்பில் பொரிப்பது நன்றாக நடக்கும், நீண்ட நாள் வளர்ப்புக்குக் கடல்நீரோ கடல் மீன்தொட்டிக்கென்று விற்கும் உப்போதான் மேல்.

## மூன்றாம் வழி: முட்டையும் கடல்நீரும்

முட்டை அதேதான், தண்ணீர் மட்டும் கடலில் இருந்து. செலவே இல்லை என்று தோன்றும். தேவையான தாதுக்கள் எல்லாம் இருக்கின்றன, வெளிச்சத்தில் வைத்தால் பாசியும் தானாக வந்து உணவாகும். இந்த வழியில் வளர்ந்தவை திடமாக இருக்கும்.

ஆனால் எங்கே அள்ளுவது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. யாழ் நகரை ஒட்டிய பண்ணைக் கடல் பக்கம் வேண்டாம், நகரத்துக் கழிவு சேரும் இடம். வள்ளங்கள் கட்டும் துறையில் எண்ணெய் மிதக்கும், அதுவும் வேண்டாம். தொண்டைமானாற்று நீரேரியின் உப்பை நம்பவே கூடாது. கடல் உள்ளே வராமல் தடுக்கத்தான் அங்கே கதவணை கட்டியிருக்கிறார்கள். மற்ற நீரேரிகளும் காலத்துக்குக் காலம் மாறும். ஆவணி, புரட்டாசியில் வற்றிக் கடலைவிட உப்பாக நிற்கும், கார்த்திகை மழையில் இறங்கிச் சவர்த்தண்ணியாகிவிடும். கீரிமலைக் கேணித் தண்ணீர் கடலை ஒட்டி இருந்தாலும் ஊற்றுத் தண்ணீர்தான். பருத்தித்துறைப் பக்கமோ காரைநகர் கசூரினாவிலோ, வள்ளம் இல்லாத இடத்தில், இடுப்பளவு ஆழத்தில் அள்ளினால் சரி. மழை பெய்து ஓய்ந்த நாட்களில் போகவேண்டாம்.

கொண்டுவந்து அப்படியே முட்டையைப் போடக்கூடாது. கடல் தண்ணீரில் கண்ணுக்குத் தெரியாத வேட்டைக்காரர் பலர் இருப்பார்கள், ஆட்டீமியாக் குஞ்சு அவர்களுக்குப் பலகாரம். வெள்ளை வேட்டித் துணியை நாலாக மடித்து வடித்து, மூடிய போத்தலில் இருட்டில் ஒரு கிழமை வைத்து, மேல் தண்ணீரை மட்டும் எடுங்கள். கொதிக்கவைக்க வேண்டாம், கல்சியம் படிந்து போய்விடும்.

ஒளிந்த செலவு: ஒவ்வொரு தண்ணீர் மாற்றத்துக்கும் ஒரு பயணம். வல்வெட்டித்துறையிலோ ஊர்காவற்றுறையிலோ இருப்பவருக்கு இது செலவே இல்லை. கொடிகாமத்தில் இருப்பவர் பேருந்துக்கும் பெற்றோலுக்கும் கணக்குப் பார்க்கவேண்டும்.

## ஒரே பார்வையில்

| | ஆயத்தப் பெட்டி | முட்டை + உப்பு | முட்டை + கடல்நீர் |
|---|---|---|---|
| தொடங்குவது | மிகச் சுலபம் | அளந்தால் சுலபம் | ஒரு கிழமை ஆயத்தம் |
| சித்திரை வெயில் | தாங்காது, மாற்றவேண்டும் | பாத்திரத்தைப் பொறுத்தது | பாத்திரத்தைப் பொறுத்தது |
| நீண்ட நாள் வளர்ப்பு | சுமார் | நல்லது | மிக நல்லது |
| மாரியில் | பிரச்சினை இல்லை | முட்டைக்கு ஈரம் பிடிக்கும் | சரியான கடல்நீர் கிடைப்பது கடினம் |
| ஒளிந்த செலவு | உணவுப் பைக்கற் | முட்டையைப் பாதுகாப்பது | பயணம் |
| யாருக்கு | சிறு பிள்ளை, பரிசு | பெரும்பாலான வீடுகள் | கரையோரத்தார் |

## மூன்று வழிக்கும் பொதுவான ஆபத்துகள்

நுளம்புச் சுருள், ஸ்பிரே, டெங்குக்காக வீதியில் அடிக்கும் புகை. பூச்சியைக் கொல்லும் அந்த மருந்து ஆட்டீமியாவையும் கொல்லும். புகை அடிக்க வரும் நாளில் பாத்திரத்தை மூடி உள் அறையில் வையுங்கள். செம்பு, பித்தளைப் பாத்திரங்களும் கூடாது, அந்த உலோகம் தண்ணீரில் கரைந்து நஞ்சாகும்.

"தண்ணீரைத் தேக்கி வைத்தால் நுளம்பு வராதா?" என்று கேட்பது சரியான கேள்வி. இலங்கையின் கரையோரத்தில் செய்து 2011இல் வெளியான ஓர் ஆய்வில், லீற்றருக்கு 2 முதல் 15 கிராம் வரை உப்புள்ள சவர்த்தண்ணியிலும் டெங்கு நுளம்பின் புழுக்கள் இருந்தது தெரியவந்தது. ஆகவே உப்பை 35க்குக் கீழே விடாதீர்கள், வாயை மெல்லிய துணியால் கட்டியும் வையுங்கள்.

வளர்ப்பதை நிறுத்தும்போது தண்ணீரை நீரேரியிலோ உப்பளத்து வாய்க்காலிலோ ஊற்றவே கூடாது. இதை நான் கெஞ்சிக் கேட்பேன். சந்தைக்கு வரும் முட்டையில் கணிசமான பகுதி அமெரிக்காவின் பெரிய உப்பேரியில் இருந்து வருகிறது. அந்த இனம் மத்தியதரைக் கடலோர உப்பளங்களுக்குப் போய் அங்கிருந்த நாட்டு இனங்களைப் பல இடங்களில் இல்லாமலாக்கிவிட்டது. ஆனையிறவுப் பக்கம் அப்படி ஒன்று நடக்க ஒரு போத்தல் போதும். கொதிக்கவைத்து ஆறியபின், கிணற்றுக்கும் செடிகளுக்கும் தூரத் தள்ளி ஊற்றுங்கள்.

## கப்பி மீன் வாங்கிவிட்டால் என்ன?

பிள்ளைக்கு ஒரு "செல்லம்" வேண்டும், பெயர் வைத்துக் கூப்பிடவேண்டும், கிட்டப் போனால் அது ஓடி வரவேண்டும் என்றால் கப்பி வாங்குங்கள். ஆட்டீமியா உங்களை அடையாளம் காணாது. ஓர் உயிர் பிறந்து, தோல் கழற்றி, சோடி பிடித்து, வயிற்றுப் பையில் முட்டை சுமப்பதை ஒரு மாதத்துக்குள் கண்ணால் காணவேண்டும் என்றால் கப்பியால் அது முடியாது. அதற்கு ஆட்டீமியாவும் பூதக்கண்ணாடி ஒன்றும் கையில் இருந்தால் போதும்.

## எந்த வீட்டுக்கு எது

வெளிநாட்டில் இருந்து பெட்டி ஏற்கனவே வந்துவிட்டதா, அதையே பாவியுங்கள், தொட்டியை மட்டும் மாற்றுங்கள். பிள்ளைக்குப் பத்து வயதுக்குக் கீழே என்றாலும் பெட்டி நல்ல தொடக்கம்.

கடற்கரையில் இருந்து தூரம், வீட்டில் குளிர்சாதனப் பெட்டி உண்டு, பிள்ளைக்கு அளந்து செய்யப் பொறுமை உண்டு என்றால் இரண்டாம் வழி. யாழ்ப்பாணத்தில் பெரும்பாலான வீடுகளுக்கு நான் சொல்வதும் இதைத்தான். விஞ்ஞானப் பாடத்துக்குச் செய்பவர்களுக்கும் இதுவே சரி. உப்பின் அளவை மாற்றி மாற்றி எது நன்றாகப் பொரிக்கிறது என்று பார்க்க வேறு வழியில் முடியாது.

கரையோரத்து வீடு, தை முதல் புரட்டாசி வரையான காலம், மாதக்கணக்கில் வளர்க்கும் எண்ணம் என்றால் மூன்றாம் வழி. இரண்டையும் கலப்பவர்களும் உண்டு: உப்புத் தண்ணீரில் பொரிக்கவைத்து, ஐந்தாறு நாளில் பாதிக்குப் பாதி வடித்த கடல்நீர் சேர்த்து வளர்ப்பார்கள். பயணமும் குறையும், மக்னீசியக் குறையும் தீரும். வசதி இருந்தால் நான் இதைத்தான் தேர்ந்தெடுப்பேன்.

சித்திரையில் தொடங்க நினைப்பவர்கள் மட்டும் ஆடி வரை பொறுத்திருங்கள். முட்டை குளிர்சாதனப் பெட்டியில் காத்திருக்கும்.